ஓலை முடைவும் ஓடும் இருப்பும்: சிம்ப்ளெக்டிக், தொடுகை வடிவியலுக்கு ஓர் அறிமுகம்

கொட்டான் முடையும்போது பக்கத்து வீட்டு ஆச்சி ஓலையின் நீளத்தை அளந்து நான் பார்த்ததில்லை. நனைத்து வைத்த பனையோலையைக் கீறி, ஒரே அகலத்தில் கீற்றுகளாக்கி மடியில் போட்டுக்கொள்வார். நெட்டில் ஒன்று, குறுக்கில் ஒன்று, மேலே ஒன்று, கீழே ஒன்று என்று விரல்கள் தாமாகப் போகும். "நீளம் பாக்க வேண்டாமா ஆச்சி?" என்று ஒருநாள் கேட்டேன். "மிச்சம் வந்தா நறுக்கிக்கலாம் தம்பி. சோடி தப்புனாத்தான் கொட்டான் நிக்காது" என்றார்.

காரைக்குடிப் பக்கம் முப்பது வருஷம் கணக்கு நடத்திய எனக்கு, 'சிம்ப்ளெக்டிக்' என்ற சொல் அன்றைக்குத்தான் சரியாக உறைத்தது. 1939ல் ஹெர்மன் வைல் என்ற கணிதர் ஒரு வகை உருமாற்றங்களின் குலத்துக்கு (group) வைத்த பெயர் அது. அதற்கு முன் அவரே லத்தீன் வழியில் 'காம்ப்ளெக்ஸ்' என்று சொல்லிக்கொண்டிருந்தார். அந்தப் பெயர் கலப்பெண்களோடு போட்டுக் குழப்பியது. அதனால் அதே சொல்லை உறுப்புக்கு உறுப்பு கிரேக்கத்துக்கு மாற்றிவிட்டார். இரண்டுக்கும் பொருள் ஒன்றுதான்: சேர்த்து முடைந்தது. கலைச்சொல் குழு எதுவும் என்னைக் கேட்கப்போவதில்லை. கேட்டால் 'முடைவு வடிவியல்' என்பேன். ஆனால் படிக்கிற பிள்ளைகள் எல்லாரும் சிம்ப்ளெக்டிக் என்றே சொல்கிறார்கள், இங்கேயும் அப்படியே இருக்கட்டும்.

எதை எதோடு முடைகிறது இந்த வடிவியல்? அதற்கு வளவில் தொங்கும் ஊஞ்சலிடம் போக வேண்டும்.

ஊஞ்சலின் இரண்டு எண்கள்

சங்கிலி 3 மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். மெல்ல ஆட்டிவிட்டால் ஒரு தடவை போய்வர ஏறக்குறைய 3.5 விநாடி ஆகும். இந்தக் கணத்தில் ஊஞ்சல் எங்கே இருக்கிறது என்று மட்டும் தெரிந்தால், அடுத்த கணம் எங்கே இருக்கும் என்று சொல்ல முடியுமா? முடியாது. நடுவில் சும்மா நிற்கிற ஊஞ்சலும், நடுவை வேகமாகக் கடக்கிற ஊஞ்சலும் புகைப்படத்தில் ஒன்றுபோலவே இருக்கும். இடத்தோடு உந்தமும் தெரிய வேண்டும். உந்தம் என்பது எடையும் வேகமும் சேர்ந்த அந்த 'தள்ளு'. இடம் ஓர் அச்சு, உந்தம் ஓர் அச்சு என்று தாளில் குறித்தால் ஊஞ்சலின் முழு நிலையும் ஒரே புள்ளியில் அடங்கும். ஊஞ்சல் ஆட ஆட அந்தப் புள்ளி நீள்வட்டமாகச் சுற்றி வரும். இப்படிப்பட்ட தாளை நிலைவெளி என்று சொல்லலாம். இடத்தையும் உந்தத்தையும் சரிசமமாக உட்காரவைத்து இயக்க விதிகளை எழுதியவர் அயர்லாந்தின் வில்லியம் ரோவன் ஹாமில்டன், 1834, 1835ல் வந்த இரண்டு கட்டுரைகளில். அவருக்கு முன்பே, 1808 வாக்கில், கோள்களின் பாதை எப்படி மெல்லப் பிசகுகிறது என்று கணக்கிட்ட லக்ராஞ்சின் தாள்களில் இந்தக் கணிதம் தலைகாட்டியிருந்தது.

இந்தத் தாளில் ஒரு விசித்திரம் உண்டு. சாய்வாக ஒரு கோடு இழுத்து 'இதன் நீளம் எவ்வளவு' என்று கேட்டால் பதில் கிடையாது. ஓர் அச்சில் மீட்டர், இன்னோர் அச்சில் கிலோகிராம்-மீட்டர்-விநாடிக்கு. இரண்டையும் கூட்டுவது முழத்தையும் படியையும் கூட்டுகிற கதை. ஆனால் பெருக்கலாம். பெருக்கினால் வருவது பரப்பு. அதன் அலகு ஜூல்-விநாடி. குவாண்டம் இயற்பியலின் அடிப்படை எண்ணான பிளாங்க் மாறிலிக்கும் அதே அலகுதான் என்பதைப் போகிற போக்கில் கவனித்து வைத்துக்கொள்ளுங்கள். நீளம் இல்லாத, கோணம் இல்லாத, பரப்பு மட்டும் உள்ள வடிவியல் இது.

அந்தப் பரப்புக்குக் குறி உண்டு. இரண்டு அம்புகளை வைத்து ஓர் இணைகரம் வரைந்தால், முதல் அம்பிலிருந்து இரண்டாவதற்கு இடஞ்சுழியாகத் திரும்பும்போது கூட்டல். வரிசையை மாற்றினால் அதே தொகை கழித்தலில் வரும். லேவாதேவி நடந்த ஊர்க்காரர்களுக்கு இதை நீட்டி விளக்க வேண்டாம். என் பேரேட்டில் பற்று உங்கள் பேரேட்டில் வரவு, தொகை ஒன்றே. ஓர் அம்பைத் தன்னோடே சேர்த்தால் பரப்பு பூஜ்யம். தனக்குத் தானே யாரும் கடன் எழுதிக்கொள்வதில்லை.

ஊஞ்சல் முன்னும் பின்னும் மட்டும் ஆடாமல் பக்கவாட்டிலும் ஆடினால்? இன்னோர் இடம், அதற்கென்று இன்னோர் உந்தம். நிலைவெளி இப்போது நான்கு பரிமாணம். ஒரு கல் விண்வெளியில் பறந்தால் மூன்று இடம், மூன்று உந்தம், ஆக ஆறு. நாற்பரிமாணத்திலோ ஆறிலோ இருக்கும் இணைகரத்தை ஒவ்வொரு சோடித் தாளின் மீதும் நிழலாக விழவைத்து, ஒவ்வொரு நிழலின் குறியிட்ட பரப்பையும் எடுத்து, எல்லாவற்றையும் கூட்ட வேண்டும். அந்தக் கூட்டுத்தொகைக்குக் கணிதர்கள் வைத்திருக்கும் எழுத்து ஒமேகா. ஒமேகாவுக்கு இரண்டே நிபந்தனை. முதலாவது ஆச்சி சொன்னது: சோடி இல்லாத திசை இருக்கக் கூடாது. எந்த அம்பை எடுத்தாலும் அதோடு சேர்ந்து பூஜ்யமல்லாத பரப்பைத் தருகிற இன்னோர் அம்பு இருந்தாக வேண்டும். மூன்று, ஐந்து என்று ஒற்றைப்படைப் பரிமாணத்தில் ஒமேகா இருக்க முடியாததற்கு இதுவே காரணம், ஒன்று எப்போதும் தனித்துவிடும். இரண்டாவது நிபந்தனை: எங்கே ஒரு சின்னப் பெட்டியை வைத்து அதன் புறமுகங்கள் எல்லாவற்றின் மேலும் ஒமேகாவைக் கூட்டினாலும் மிச்சம் பூஜ்யமாக வர வேண்டும். கணக்கு எங்கேயும் ஒழுகக் கூடாது என்பதுதான் அது.

ஹாமில்டன் விதிப்படி நடக்கும் எந்த இயக்கமும் ஒமேகாவை மாற்றுவதில்லை. வீட்டுப் பிள்ளைகள் பத்துப் பேர் ஆளுக்கு ஒருவிதமாக ஊஞ்சலைத் தள்ளிவிட்டார்கள் என்று வையுங்கள். பத்துத் தொடக்கங்களையும் நிலைவெளியில் குறித்து அவற்றைச் சுற்றி ஒரு வட்டம் போடுங்கள். பெரிய ஆட்டத்துக்குச் சிறிய ஆட்டத்தைவிடச் சற்றுக் கூடுதல் நேரம் பிடிக்கும் என்பதால் அந்த வட்டம் நாளடைவில் இழுபட்டு, வாலாக நீண்டு, சுருண்டு, பார்க்கவே அடையாளம் தெரியாமல் போகும். அடைத்த பரப்பு மட்டும் முதல் நாள் இருந்த அதே அளவு.

இது வெறும் அழகுக்குச் சொல்வதில்லை என்று காட்ட, கணினியில் நானே போட்டுப் பார்த்த ஒன்றைச் சொல்கிறேன். ஊஞ்சலை எளிமையாக்கி, அலகுகளை ஒன்றாக வைத்து, 0.1 என்ற காலத் துணுக்குகளில் நடத்தினேன். பள்ளிப் புத்தக வழி: பழைய இடத்தையும் பழைய உந்தத்தையும் வைத்தே புதிய இரண்டையும் கணக்கிடுவது. இதில் ஒவ்வோர் அடிக்கும் பரப்பு 1.01 மடங்காகிறது. 100 அடியில் 2.7 மடங்கு. ஒன்றரை ஆட்டம் முடிவதற்குள் ஊஞ்சல் யாரும் தள்ளாமலே 1.6 மடங்கு வீச்சுக்குப் போய்விட்டது. இரண்டாவது வழியில் ஒரே ஒரு மாற்றம்: புதிய உந்தத்தை முதலில் கண்டுபிடித்து, இடத்தைத் திருத்தும்போது பழைய உந்தத்துக்குப் பதில் அந்தப் புதியதைப் போடுவது. அவ்வளவுதான். பரப்பு துல்லியமாக 1 மடங்கு. ஆற்றல் 5 சதவீதம் மேலும் கீழுமாக அசைகிறது, ஆனால் லட்சம் அடி போனாலும் அந்த வரம்பைத் தாண்டுவதில்லை. சூரியக் குடும்பத்தைக் கோடிக்கணக்கான ஆண்டுகளுக்கு ஓட்டிப் பார்க்கிற நிரல்கள் இந்த வகையைச் சேர்ந்தவை. 1991ல் விஸ்டமும் ஹோல்மனும் தந்த முறை அவற்றில் பேர்பெற்றது. பேரேட்டில் அன்றன்றைய இருப்பை முதலில் கட்டிவிட்டு அடுத்த வரியை எழுதச் சொன்ன கணக்கப்பிள்ளைகளின் ஞாபகம் எனக்கு வந்தது.

ஒரே அச்சுக் கல்லும் தேன்குழலும்

ஆத்தங்குடிக் கல்லை எடுத்துக்கொள்ளுங்கள். கண்ணாடிப் பலகை மேல் உலோக அச்சை வைத்து, பிரிவு பிரிவாக நிறக் கலவையை ஊற்றி, சிமெண்டும் மணலும் போட்டு அழுத்தி எடுக்கிறார்கள். ஒரு கல்லைப் பார்த்து, அது எந்த வீட்டுத் தரையில் எந்த மூலையில் இருந்தது என்று சொல்ல முடியாது. சிம்ப்ளெக்டிக் வெளிகளும் அப்படியே. 1882ல் பிரெஞ்சுக் கணிதர் காஸ்தோன் தார்பூ நிரூபித்தது இது: எந்தப் புள்ளிக்கு அருகில் பார்த்தாலும் எல்லாச் சிம்ப்ளெக்டிக் வெளிகளும் ஒரே அச்சில் வார்த்தவை. பூமியைப் போன்ற சாதாரண வளைபரப்பு அப்படி இல்லை. கோளத்தின் ஒரு துண்டைக் கிழியாமல், இழுபடாமல் தாளில் தட்டையாக்க முடியாது. வளைவு உள்ளூரிலேயே தெரிந்துவிடும். சிம்ப்ளெக்டிக்கில் உள்ளூர்ச் சேதி எதுவும் கிடையாது. எனவே கேட்பதற்கு மிச்சமிருப்பது தரை முழுவதையும் பற்றிய கேள்விகள், அதாவது இடவியல். இந்தத் துறையின் பெயரில் வடிவியலோடு இடவியலும் ஒட்டிக்கொண்டிருப்பது அதனால்தான்.

அப்படியொரு கேள்வி: கோளங்களில் எவற்றுக்கு ஒமேகா உண்டு? பந்தின் மேற்பரப்பான இருபரிமாணக் கோளத்துக்கு உண்டு, சாதாரணப் பரப்பே போதும். நான்கு, ஆறு, அதற்கு மேல் எந்தக் கோளத்துக்கும் கிடையாது. நாற்பரிமாணக் கோளத்தில் எந்த மூடிய பரப்பையும் மெல்லச் சுருக்கி ஒரு புள்ளியாக்கிவிடலாம், ஆகவே ஒழுகாத கணக்குப்படி அதன் மேல் ஒமேகாவின் தொகை பூஜ்யம். ஆனால் ஒமேகாவை ஒமேகாவோடு பெருக்கி வருவதுதான் முழுக் கோளத்தின் கன அளவு. அது பூஜ்யமாக இருக்க முடியாதே.

இன்னொரு கேள்வி நூறாண்டுக்கு மேல் நின்றது. சிம்ப்ளெக்டிக் உருமாற்றம் கன அளவையும் காப்பாற்றும், 1838ல் லியூவில் எழுதியதிலிருந்து வருகிற சேதி இது. அப்படியானால் 'கன அளவு மாறாது' என்பதற்கு மேல் இதில் வேறு ஏதாவது கட்டுப்பாடு இருக்கிறதா?

தேன்குழல் பிழிவதை நினைத்துக்கொள்ளுங்கள். ஒரு கைப்பிடி மாவை உருட்டி அச்சில் போட்டு அழுத்தினால் மெல்லிய இழையாக இறங்குகிறது. உருண்டை எவ்வளவு பெரிதானால் என்ன, துளை எவ்வளவு சிறியதானால் என்ன, கன அளவு மாறாமல் முழு மாவும் அந்தப் பக்கம் போய்விடும். நிலைவெளியிலும் ஓர் உருண்டையை எடுங்கள். ஒரு சோடித் தாளில், அதாவது ஓர் இடமும் அதன் சொந்த உந்தமும் உள்ள தாளில், வட்டத் துளை போட்டு, மற்றத் திசைகளில் எல்லையில்லாமல் நீளும் குழாய் ஒன்றைக் கற்பனை செய்யுங்கள். உருண்டையை அந்தக் குழாய்க்குள் சிம்ப்ளெக்டிக் முறையில் பிழிந்து இறக்க முடியுமா? 1985ல் மிஹைல் குரோமோவ் சொன்ன பதில்: உருண்டையின் ஆரம் துளையின் ஆரத்தைவிடப் பெரிதானால் முடியவே முடியாது. எத்தனை பரிமாணம் இருந்தாலும், மற்றத் திசைகளில் எவ்வளவு இடம் காலியாகக் கிடந்தாலும் முடியாது. ஊசிக் காதில் ஒட்டகம் நுழையாத கதையை வைத்து இதைச் 'சிம்ப்ளெக்டிக் ஒட்டகம்' என்கிறார்கள். எனக்குத் தேன்குழல் போதும்.

துளையை எந்தத் தாளில் போடுகிறோம் என்பதில் எல்லாம் இருக்கிறது. இரண்டு இடங்கள் உள்ள தாளில் போட்டால் உருண்டை தாராளமாக நுழையும். இடங்கள் இரண்டும் ஒடுங்கும், பதிலுக்கு உந்தங்கள் இரண்டும் விரியும். சோடியைப் பிடித்தால் மட்டும் விடாது. இடத்தையும் அதன் உந்தத்தையும் ஒருசேரத் துல்லியமாக அறிய முடியாது என்கிற குவாண்டம் இயற்பியலின் நிச்சயமின்மைக் கொள்கையும் இதே சோடியைத்தான் பிடித்துக்கொண்டிருக்கிறது. குரோமோவின் தேற்றத்தில் குவாண்டம் ஒரு துளியும் கிடையாது, எல்லாம் ஹாமில்டன் காலத்து இயக்கவியல்.

நிரூபணத்தின் உயிர்நாடியைச் சொல்லிவிடலாம், அது அவ்வளவு அழகு. குழாய்க்குள் எந்தப் புள்ளி வழியாகவும் சோப்புப் படலம் போன்ற ஒரு பரப்பை நீட்ட முடியும் என்று குரோமோவ் காட்டினார். அதன் ஒமேகாப் பரப்பு துளை வட்டத்தின் பரப்பைத் தாண்டாது. உருண்டை உள்ளே இருக்கிறது என்றால், அதன் மையத்தின் வழியாகவும் அப்படியொரு படலம் போகும். ஆனால் உருண்டையின் மையம் வழியாகப் போய் அதன் விளிம்பைத் தொடும் சோப்புப் படலம் எதுவானாலும் அதன் பரப்பு உருண்டையின் நடு வட்டத்தைவிடக் குறையாது. ஆக நடு வட்டம் துளை வட்டத்துக்குள் அடங்க வேண்டும். முடிந்தது. இந்தப் படலங்களுக்குப் போலிப் பகுமுறை வளைவரைகள் போன்ற வாயில் நுழையாத பெயர்கள் உண்டு. 1985க்குப் பின் வந்த சிம்ப்ளெக்டிக் இடவியலில் பெரும்பகுதி இவற்றின் மேல்தான் நிற்கிறது.

அதில் ஒரு கிளையை மட்டும் தொட்டுவிட்டுப் போகிறேன். வளையம் போன்ற ஒரு பட்டையின் வெளி ஓரத்தை ஒரு பக்கமும் உள் ஓரத்தை எதிர்ப் பக்கமும் சுழற்றி, நடுவில் பரப்பு மாறாமல் எப்படிக் கலக்கினாலும், குறைந்தது இரண்டு புள்ளிகள் இருந்த இடத்திலேயே இருக்கும். 1912ல், தாம் இறந்த ஆண்டில், முழு நிரூபணம் இல்லாமலே இதை வெளியிட்டார் ஹென்றி புவங்காரே. மறுவருஷமே அமெரிக்காவின் பிர்க்காஃப் நிரூபித்தார். 1960களில் விளாதிமிர் அர்னால்ட் இதை எல்லாச் சிம்ப்ளெக்டிக் வெளிகளுக்குமான ஊகமாக விரித்தார். 1980களின் பிற்பாதியில் அதற்காக ஆண்ட்ரியாஸ் ஃபுளோயர் கட்டிய கணித எந்திரம் இன்று துறையெங்கும் ஓடுகிறது. அவர் 1991ல் இறந்தபோது வயது 34.

பக்கவாட்டில் போகாத டயர்

ஒற்றைப்படைப் பரிமாணத்தில் ஒமேகா இல்லை என்றேன். அங்கே அதன் தங்கை இருக்கிறாள், தொடுகை வடிவியல்.

எங்கள் ஊர்த் தெருக்கள் அகலம், நேர். பழைய சைக்கிள் டயரைக் குச்சியால் தட்டிக்கொண்டு ஓடிய பிள்ளைகளில் நானும் ஒருவன். டயரின் நிலையைச் சொல்ல மூன்று எண்கள் வேண்டும்: தெருவில் எங்கே என்பதற்கு இரண்டு, எந்தப் பக்கம் பார்த்து நிற்கிறது என்பதற்கு ஒன்று. அதனால் செய்ய முடிந்த அசைவுகளோ இரண்டுதான்: பார்த்த திசையில் உருள்வது, நின்ற இடத்தில் திரும்புவது. பக்கவாட்டில் வழுக்கத் தடை. முப்பரிமாண வெளியில் ஒவ்வொரு புள்ளியிலும் அனுமதிக்கப்பட்ட திசைகள் சேர்ந்து ஒரு தட்டு ஆகின்றன.

தடை இருந்தும் டயரைப் பக்கவாட்டில் கொண்டுபோக முடியும். 1 மீட்டர் முன்னால் உருட்டுங்கள். 6 டிகிரி திருப்புங்கள். 1 மீட்டர் பின்னால் இழுங்கள். 6 டிகிரி எதிர்ப்பக்கம் திருப்புங்கள். டயர் பழைய திசையைப் பார்த்தே நிற்கிறது, ஆனால் சுமார் 10.5 செ.மீ. பக்கவாட்டில் நகர்ந்திருக்கிறது. முன்னால் வந்தது அரை சென்டிமீட்டர்தான். நெருக்கடியான சந்தில் கார் நிறுத்துகிறவர்கள் தினமும் செய்வதும் ஏறக்குறைய இதுவே. இப்போது அந்த 10.5ஐக் கவனியுங்கள். 6 டிகிரி என்பது ரேடியனில் 0.105. உருட்டிய 1 மீட்டரை அதோடு பெருக்கினால் 0.105 மீட்டர். உருட்டல் ஓர் அச்சு, திருப்பல் ஓர் அச்சு என்று வைத்தால், நான்கு அசைவுகளும் அடைத்த செவ்வகத்தின் பரப்புதான் பக்கவாட்டு நகர்வாக வெளியே வந்திருக்கிறது.

தொடுகை வடிவியலின் சாரம் இங்கே இருக்கிறது என்பது என் எண்ணம். கீழே ஒரு சிம்ப்ளெக்டிக் தாள். மேலே ஓர் உயரம். தாளில் நீங்கள் ஒரு சுற்றுச் சுற்றித் தொடங்கிய புள்ளிக்கே வந்தால், உயரம் அடைத்த பரப்பின் அளவுக்கு ஏறியோ இறங்கியோ இருக்கும். தாளில் நடப்பது கொடுக்கல் வாங்கல், உயரம் பேரேட்டின் கடைசிப் பத்தியில் ஓடும் இருப்பு. தட்டுகள் எல்லாம் படிப்படியாகச் சாய்ந்து நிற்கின்றன, பெரிய வீட்டு ஜன்னல் கதவின் மரத் தகடுகளை ஒன்றைவிட ஒன்று கூடுதலாகச் சாய்த்து வைத்தது போல. அதனால் அவற்றைத் தொட்டுக்கொண்டே செல்லும் ஒரு பரப்பை எங்கேயும் விரிக்க முடியாது. ஆனால் தொட்டுக்கொண்டே செல்லும் பாதைகள் வழியாக எங்கிருந்தும் எங்கேயும் போக முடியும். 1938ல் ரஷெவ்ஸ்கியும் 1939ல் வெய் லியாங் சௌவும் தனித்தனியாக இதைப் பொதுவாக நிரூபித்தார்கள்.

பெயர் 19ஆம் நூற்றாண்டில் நார்வேயின் சோஃபுஸ் லீ ஆராய்ந்த உருமாற்றங்களிலிருந்து வருகிறது: தொட்டுக்கொண்டிருக்கும் வளைவரைகளைத் தொட்டபடியே வைத்திருப்பவை. ஒளியலையின் முகப்பு எப்படி நகர்கிறது என்று 1690ல் ஹைகன்ஸ் வரைந்த படங்களிலேயே இதன் விதை உண்டு. ஊருணியில் நீள்வட்டமாக ஒரு கயிற்றைப் போட்டால் உள்நோக்கி வரும் சிற்றலை ஒரு கட்டத்தில் மடிந்து கூர்முனைகள் கட்டும். அலையின் ஒவ்வொரு புள்ளிக்கும் அதன் திசையை மூன்றாவது எண்ணாகச் சேர்த்து மேலே தூக்கிப் பாருங்கள், கூர்முனை காணாமல் போய் வழவழப்பான வளைவரை மட்டும் நிற்கும். முனை நிழலில்தான் இருந்தது.

அரிசி மில்லில் ஓடும் எஞ்சினும் இந்தக் கணக்குக்குள் வரும். வெப்பநிலையும் என்ட்ரோபியும் (ஒழுங்கின்மையின் அளவு) ஒரு சோடி, அழுத்தமும் கன அளவும் ஒரு சோடி, ஆற்றல் ஓடும் இருப்பு. ஆக ஐந்து பரிமாணம். 1873ல் வில்லார்ட் கிப்ஸ் வரைந்த வெப்ப இயக்கவியலைத் தொடுகை மொழியில் சொன்னால் இதுதான். சமநிலை குலையாமல் ஒரு சுற்று முடிந்தால் ஆற்றல் பழையபடி வர வேண்டும். அதற்கு வெப்பத் தாளில் அடைத்த பரப்பும் வேலைத் தாளில் அடைத்த பரப்பும் சரிக்கட்ட வேண்டும். உள்ளே போன வெப்பமும் வெளியே வந்த வேலையும் அவைதாம்.

எட்டு போட்ட கோலம்

எங்கள் பக்கத்தின் சிறப்பு நடுவீட்டுக் கோலம். ஆனால் எனக்கு இங்கே வேண்டியது வாசலில் போடும் சிக்குக் கோலம். ஒரே இழை, புள்ளிகளைச் சுற்றி வளைந்து தன்னையே வெட்டிக்கொண்டு, தொடங்கிய இடத்தில் முடிய வேண்டும். தரையைச் சிம்ப்ளெக்டிக் தாளாக நினைத்து, இழையைத் தொடுகை விதிப்படி மேலே தூக்குவோம். மேலேயும் இழை மூட வேண்டும். ஒரு புள்ளியைச் சுற்றி வட்டம் போட்டால் ஆகுமா? ஆகாது. தரையில் மூடிவிட்டது, ஆனால் உயரம் வட்டத்தின் பரப்பளவுக்குத் தவறி நிற்கிறது. இரண்டு புள்ளிகளைச் சுற்றி எட்டுப் போடுங்கள். ஒரு மடல் இடஞ்சுழி, மறு மடல் வலஞ்சுழி. இரண்டு மடலும் ஒரே பரப்பானால் வரவும் பற்றும் நேராகி இழை மேலேயும் மூடிவிடும். நடுவில் வெட்டிக்கொள்ளும் இடத்தில் எந்த இழை மேலே, எது கீழே என்று கேட்க வேண்டியதே இல்லை, மடலின் பரப்பே இரண்டுக்கும் இடையிலுள்ள உயர வித்தியாசம். தட்டையான கோலம் தன் மூன்றாவது பரிமாணத்தைத் தன்னிடமே வைத்திருக்கிறது. தட்டுகளைத் தொட்டே செல்லும் இப்படிப்பட்ட முடிச்சுகளுக்கு லெஜாந்தரின் பெயர் வைத்திருக்கிறார்கள்.

இந்த முடிச்சு ஒவ்வொன்றுக்கும் ஒரு முழு எண் உண்டு. இழையோடு ஒரு சுற்று நடந்து வரும்போது தட்டுகள் எத்தனை முறை முறுக்கிக்கொள்கின்றன என்ற எண்ணிக்கை அது. கண்டுபிடித்தவர்கள் பெயரால் தர்ஸ்டன்-பென்னகான் எண். எட்டு வளையத்துக்கு −1. அதை வேண்டுமட்டும் நெளித்து −2, −3 என்று குறைக்கலாம், கூட்ட முடியாது. வழக்கமான தொடுகை வெளியில் முடிச்சில்லாத வளையம் ஒருபோதும் 0ஐ எட்டாது என்று 1983ல் தானியல் பென்னகான் நிரூபித்தார். 0ஐ எட்டுகிற வேறு தொடுகை வெளிகளும் உண்டு. அவற்றுக்கு மிகைமுறுக்கு வெளிகள் என்று பெயர், மற்றவை இறுக்கமானவை. (கைமுறுக்குச் சுற்றும் ஊரில் 'மிகைமுறுக்கு' என்றால் பிள்ளைகள் சிரித்துவிடுகிறார்கள், வகுப்பில் அதுவும் தேவைதான்.) யாக்கவ் எலியாஷ்பெர்க் 1989ல் மிகைமுறுக்கு வெளிகளை முழுக்க வகைப்படுத்தினார், தட்டுகளை எந்த நிபந்தனையும் இல்லாமல் வளைத்தால் என்னென்ன வகை வருமோ அவ்வளவே. இறுக்கமான வெளிகள் அப்படிச் சுலபத்தில் மசிவதில்லை. சிம்ப்ளெக்டிக்கில் தேன்குழல் மாவு முரண்டு பிடித்ததும் இங்கே இறுக்கம் முரண்டு பிடிப்பதும் ஒரே நோயின் இரண்டு அறிகுறிகள்.

ஐந்து பரிமாணத்தில் எந்தெந்த வெளிகளுக்குத் தொடுகைத் தட்டுகள் உண்டு என்ற கேள்விக்கு 2015ல் வெளியான ஒரு கட்டுரை பதில் சொன்னது. எழுதிய மூவரில் ஒருவர் சென்னையில் ஆய்வு செய்யும் திஷாந்த் பஞ்சோலி, மற்றவர்கள் ரோஜர் கசால்ஸ், பிரான்சிஸ்கோ பிரெசாஸ். அதே ஆண்டு போர்மன், எலியாஷ்பெர்க், மர்ஃபி ஆகியோரின் கட்டுரை எல்லா ஒற்றைப்படைப் பரிமாணங்களுக்கும் சேர்த்து முடித்துவைத்தது. சென்னைக்கும் கணிதத்துக்கும் நடுவில் எங்கள் ஊர்க்காரர் ஒருவரும் வருகிறார். 1950ல் சென்னையில் ராமானுஜன் கணித நிறுவனத்தைத் தம் பணத்தில் தொடங்கியவர் அழகப்பச் செட்டியார். தி. விஜயராகவன் முதல் இயக்குநர். செட்டியார் காலமான 1957ல் அது சென்னைப் பல்கலைக்கழகத்தின் கைக்குப் போனது. காரைக்குடியில் அவர் பெயரைச் சொன்னால் கல்லூரியும் மின்வேதியியல் ஆய்வகமும்தான் எல்லாருக்கும் நினைவு வரும். இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும் என்பது என் ஆசை.

தர்ஸ்டன்-பென்னகான் எண்ணால் எல்லா முடிச்சையும் பிரித்துவிடலாம் என்று நினைத்தால் தப்பு. ஐந்து வெட்டுகள் கொண்ட ஒரு முடிச்சை இரண்டு விதமாகத் தூக்கி, தெரிந்த எண்கள் எல்லாம் இரண்டிலும் ஒன்றாகவே இருந்தும், விதியை மீறாமல் ஒன்றை மற்றதாக மாற்ற முடியாது என்று யூரி செக்கானவ் 1990களின் இறுதியில் காட்டினார். ஆனால் அந்த ஒற்றை எண் செய்கிற வேலையும் சாதாரணமில்லை. ஒரு கயிற்றை மூன்று வெட்டு வருகிற மாதிரி முடிந்து, நுனிகளை ஒட்டி, மூவிலை முடிச்சாக்கி முகப்பில் தொங்குகிற பெல்ஜியம் கண்ணாடி முன் பிடியுங்கள். கையில் இருப்பது வலக்கை முடிச்சு என்றால், அதை எப்படித் தூக்கினாலும் எட்டக்கூடிய உச்ச எண் 1. கண்ணாடிக்குள் தெரிகிற இடக்கை முடிச்சுக்கு அது −6.